ஷிஃப்ட்: ஒரு விசையின் பெயரும் அதன் பிற பொருள்களும்

வகுப்பறை எழுதியது:

தமிழ்வழியில் படித்துவிட்டுக் கணினித் தட்டச்சு கற்க வரும் மாணவர்களுக்காக ஒரு கையேட்டைத் தொகுத்து வருகிறேன். எண்டர், டேப், எஸ்கேப் ஆகிய விசைகளின் பெயர்களை ஓரிரு வரிகளில் விளக்கிவிட முடிந்தது. ஷிஃப்ட் விசையில் வந்து நின்றுவிட்டேன். அச்சொல் மாணவர்களுக்குப் புதியதாக இருந்தால் இவ்வளவு சிக்கல் இருந்திருக்காது. அவர்கள் அதைப் பிறந்தது முதல் கேட்டு வருகிறார்கள். ஆலையில் நைட் ஷிப்டு என்கிறார்கள். வாடகை வீட்டைக் காலி செய்யும்போது வீட்டை ஷிஃப்ட் செய்கிறோம் என்கிறார்கள். தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்த நோயாளியைப் பொது வார்டுக்கு ஷிஃப்ட் செய்துவிட்டார்கள் என்கிறார்கள். ஆங்கில அகராதியைத் திறந்தால் இவற்றோடு பெண்கள் அணியும் ஓர் உடையும், தந்திரம் என்ற பொருளும், விண்மீன் ஒளியைப் பற்றிய ஒரு பயன்பாடும் சேர்ந்துகொள்கின்றன.

இவை அனைத்தும் ஒரே சொல்லின் பொருள்களா, அல்லது ஒலியால் ஒன்றுபட்ட வெவ்வேறு சொற்களா என்பதை அறிந்தவர்கள் சொல்ல வேண்டும். இவற்றுள் எந்தப் பொருள் விசைக்குப் பெயர் தந்தது என்பதும் தெரிய வேண்டும். பெரிய எழுத்தாக மாற்றுகிறது, ஆகவே மாற்று விசை என்று எழுதி முடித்துவிடலாம். ஆனால் அது உண்மையான காரணம்தானா என்ற ஐயம் என்னை விடவில்லை.

உருளையும் நாடாவும் எழுதியது:

விசையின் பெயர்க் காரணத்தை என்னால் உறுதியாகச் சொல்ல முடியும். அந்தக் காரணத்தைக் கையால் தொட்டுப் பார்க்கவும் முடியும். தட்டச்சுப் பொறிகளைப் பழுதுபார்க்கும் தொழிலில் என் வாழ்நாளின் பெரும்பகுதி கழிந்தது. உங்கள் ஐயம் சரியானது. எழுத்தை மாற்றுவதால் அவ்விசைக்கு அப்பெயர் வரவில்லை. இயந்திரத்தின் ஒரு பெரும் பகுதியை அது உள்ளபடியே இடம்பெயர்த்ததால் வந்தது.

1874-இல் அமெரிக்காவின் ரெமிங்டன் நிறுவனம் விற்பனைக்குக் கொண்டுவந்த முதல் பொறியில் பெரிய எழுத்துகள் மட்டுமே இருந்தன. ஒரு விசைக்கு ஒரு தண்டு, ஒரு தண்டின் முனையில் ஓர் எழுத்து என்பதே அதன் அமைப்பு. 1878-இல் வந்த இரண்டாம் மாதிரியில் ஒவ்வொரு தண்டின் முனையிலும் இரண்டு எழுத்துகளைப் பொறித்தார்கள். அப்படியானால் தண்டு எழும்பித் தாளில் மோதும்போது இரண்டில் எது பதிய வேண்டும் என்ற கேள்வி எழுகிறது. தண்டு எப்போதும் ஒரே இடத்தில்தான் மோதும். ஆகவே தாள் சுற்றப்பட்டிருக்கும் உருளையை நகர்த்தினார்கள். அந்த நகர்வுக்குத்தான் ஷிஃப்ட் என்று பெயர். எழுத்து மாறுவது அதன் விளைவே.

பின்னாளில் எழுத்துத் தண்டுகள் முன்புறமிருந்து மோதும் பொறிகள் வந்தபோது, தண்டின் முனையில் பெரிய எழுத்து மேலும் சிறிய எழுத்து கீழுமாக அமைந்தன. விசையை அழுத்தினால் உருளையைத் தாங்கும் கேரியேஜ் முழுவதும் மேலே எழும். அதனால் தண்டின் மேற்பகுதி தாளில் படும். அந்தக் கனத்தைத் தூக்குவது சுண்டுவிரல் என்பதை எண்ணிப் பாருங்கள். பயிற்சிக்கு வரும் பிள்ளைகளின் முதல் முறையீடு எப்போதும் சுண்டுவிரல் வலி பற்றியதாகவே இருக்கும். இந்தச் சுமையைக் குறைப்பதற்காகவே வேறு சில நிறுவனங்கள் கேரியேஜை அசைக்காமல், தண்டுகள் அடங்கிய கூடையைக் கீழே இறக்கும் முறையைக் கொண்டுவந்தன. 1961-இல் வந்த ஐபிஎம் செலக்ட்ரிக் பொறியில் தண்டுகளே கிடையாது. எழுத்துகள் எல்லாம் ஒரு சிறிய உருண்டையின் மேல் இருக்கும். ஷிஃப்டை அழுத்தினால் அந்த உருண்டை 180 பாகை திரும்பி மறுபாதியைக் காட்டும். தூக்குவது, இறக்குவது, திருப்புவது என்று வேலை மூன்று வகையாக மாறிய பின்னும் விசையின் மேலிருந்த பெயர் மாறவில்லை. இன்று உங்கள் கணினியில் எதுவுமே நகர்வதில்லை. பெயர் மட்டும் இருக்கிறது.

இந்த முறைக்கு அன்று எதிர்ப்பும் இருந்தது. காலிகிராஃப் போன்ற பொறிகள் பெரிய எழுத்துக்குத் தனி விசை, சிறிய எழுத்துக்குத் தனி விசை என்று இரட்டை விசைப்பலகையோடு வந்தன. ஒரு விசைக்கு ஓர் எழுத்து என்பதே கற்பதற்கு எளிது என்று அவர்கள் வாதிட்டார்கள். 1888 ஜூலை 25 அன்று சின்சினாட்டி நகரில் ரெமிங்டன் பொறியோடு ஃபிராங்க் மெக்கரினும் காலிகிராஃப் பொறியோடு லூயி டிராப் என்பவரும் போட்டியிட்டார்கள். மெக்கரின் விசைப்பலகையைப் பார்க்காமல் பத்து விரல்களாலும் அடித்து வென்றார். விசைகள் குறைவாக இருந்தால்தான் விரல்கள் அவற்றின் இடத்தை மனப்பாடம் செய்ய முடியும் என்பது அங்கே பலருக்கும் விளங்கியது. உங்கள் கையேட்டில் இடமிருந்தால் இந்த நிகழ்ச்சியைச் சேருங்கள். ஷிஃப்ட் விசை இல்லையென்றால், பார்க்காமல் தட்டச்சு செய்யும் கலை இவ்வளவு பரவியிருக்காது என்பது என் உறுதியான எண்ணம்.

வகுப்பறை எழுதியது:

மிக்க நன்றி, ஐயா. இதிலிருந்தே இன்னொரு கேள்வி பிறக்கிறது. தமிழில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற வேறுபாடே இல்லை. அப்படியிருக்கத் தமிழ்த் தட்டச்சுப் பொறியில் ஷிஃப்டுக்கு என்ன வேலை இருந்தது?

உருளையும் நாடாவும் எழுதியது:

ஆங்கிலப் பொறியில் இருந்ததைவிட அதிக வேலை இருந்தது. ஆங்கிலத்தில் ஒரு விசையில் உள்ள சின்ன ஏயும் பெரிய ஏயும் ஒரே எழுத்தின் இரண்டு வடிவங்கள். தமிழில் கீழே ஓர் எழுத்தும் மேலே வேறோர் எழுத்தும் இருக்கும். உகர வரிசையை எடுத்துக்கொள்ளுங்கள். கா என்பதைக் ககரத்தோடு ஒரு காலைச் சேர்த்து அடித்துவிடலாம். கெ என்பதற்கு முன்னால் ஒரு கொம்பை அடித்தால் போதும். கு, து, மு ஆகியவற்றில் உகரக் குறி மெய்யோடு ஒட்டியே இருக்கிறது. அதுவும் எழுத்துக்கு எழுத்து வேறு வடிவில் ஒட்டுகிறது. ஆகவே அவற்றை முழு எழுத்தாகவே பொறிக்க வேண்டியிருந்தது. ககர விசையை ஷிஃப்டோடு அழுத்தினால் கு, தகர விசையோடு து, மகர விசையோடு மு என்று அமைத்தார்கள். ஆங்கிலத்தில் வாக்கியத்துக்கு ஒரு முறையோ இரு முறையோ ஷிஃப்டுக்குப் போகும் சுண்டுவிரல், தமிழில் சொல்லுக்குச் சொல் போக வேண்டியிருக்கும். ‘முத்துக்கு’ என்று ஒரு முறை அடித்துப் பார்த்தால் போதும்.

புள்ளி விசையையும் மாணவர்களுக்குச் சொல்லுங்கள். அது தாளில் பதியும். ஆனால் கேரியேஜ் நகராது. ஆகவே முதலில் புள்ளியை அடித்துவிட்டு, அதன் கீழே எழுத்தை அடிப்பார்கள். எதை நகர்த்துவது, எதை நகர்த்தாமல் விடுவது என்ற இந்த ஏற்பாட்டால்தான் 247 எழுத்துகளும் அந்தச் சிறிய பலகைக்குள் அடங்கின.

மில்தெரு எழுதியது:

பொறியைப் பற்றிச் சொன்னவை அனைத்தும் எனக்கு ஏற்புடையவை. ஆனால் விசைக்குச் சொன்ன விளக்கத்தை ஆலைக்கும் நீட்டிவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். கோவைப் பகுதி நூற்பாலை ஒன்றில் பணியாற்றியவன் என்ற முறையில் சொல்கிறேன்: எங்கள் ஷிப்டில் நகர்வது எதுவுமில்லை. முதல் ஷிப்டு, இரண்டாம் ஷிப்டு, ராத்திரி ஷிப்டு, அரை ஷிப்டு, டபுள் ஷிப்டு என்று நாங்கள் சொல்வதெல்லாம் நேரத்தின் ஓர் அளவை. ஒரு ஷிப்டுக்கு எவ்வளவு கூலி என்று கேட்பதும் அந்தப் பொருளில்தான்.

1948-ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம் இதை மிகத் துல்லியமாகப் பிரித்துச் சொன்னது. ஒரே வகையான வேலையை நாளின் வெவ்வேறு நேரங்களில் வெவ்வேறு தொழிலாளர் அணிகள் செய்தால், அந்த அணிக்கு ரிலே என்றும் அது வேலை செய்யும் நேரப் பகுதிக்கு ஷிஃப்ட் என்றும் அச்சட்டம் பெயரிட்டது. அதாவது ஆட்கள் வேறு, ஷிஃப்ட் வேறு. அதே சட்டத்தின் 58-ஆம் பிரிவு, ஒரே வகை வேலையில் ஒரே நேரத்தில் இரண்டு அணிகள் இருக்கும்படி ஷிஃப்டுகளை ஒன்றன்மேல் ஒன்று ஏறவிடக் கூடாது என்று தடுத்தது. அந்தத் தடைக்குக் காரணம் உண்டு. நேரங்கள் ஒன்றோடொன்று கலந்துவிட்டால், யார் எப்போது வந்தார், எவ்வளவு நேரம் உழைத்தார் என்பதை ஆய்வாளரால் கண்டறிய முடியாது. கூடுதல் நேர உழைப்பு கணக்கில் வராமலே போய்விடும். இவ்வளவு பொருள் செறிந்த சொல்லை இடமாற்றம் என்ற ஒரு சொல்லில் அடக்குவது தொழிலாளிக்கு நியாயம் செய்யாது.

சொல்வேர் எழுதியது:

மில்தெரு அவர்களின் மறுப்பு மிகச் சரியான இடத்தைத் தொடுகிறது. ஏனெனில் இச்சொல்லின் மிகப் பழைய பொருள் நகர்த்துவதன்று. பழைய ஆங்கிலத்தில் இது வினைச்சொல். அதன் பொருள்கள் பிரித்தல், பங்கிடுதல், ஒழுங்குபட வைத்தல் என்பன. இன்றைய ஆங்கிலத்தில் அப்பொருள் மறைந்துவிட்டது. ஆனால் உறவு மொழிகளில் உயிரோடு இருக்கிறது. சுவீடிய மொழியில் ஷிஃப்டே என்ற உறவுச் சொல் நிலப் பங்கீட்டையும் சொத்துப் பங்கீட்டையும் குறிக்கும். அந்நாட்டில் 1827-இல் தொடங்கிய பெரும் நிலச் சீரமைப்புக்கு லாகா ஷிஃப்டே என்றே பெயர். சிதறிக் கிடந்த துண்டு நிலங்களை ஒன்றுசேர்த்து, மறுபடி பிரித்துக் குடும்பங்களுக்குக் கொடுத்தார்கள். நம் பாகப்பிரிவினை என்ற சொல் அங்கே சென்றால் இந்தச் சொல்லோடுதான் கைகோக்கும்.

பிரித்தல் என்பதிலிருந்து 13-ஆம் நூற்றாண்டளவில் மாற்றுதல் என்ற பொருளும், 1300-ஐ ஒட்டி நகர்தல், நகர்த்துதல் என்ற பொருளும் ஆங்கிலத்தில் கிளைத்தன. பிரித்து வைத்ததை இடம் மாற்றி வைப்பது இயல்பாக நிகழக்கூடியதுதானே. விசையின் பெயர் இந்த நகர்தல் கிளையிலிருந்து வந்தது. வீட்டை ஷிஃப்ட் செய்வதும் அதே கிளைதான். அதற்குப் பிரிட்டனில் பொதுவாக வேறொரு வினையைச் சொல்வார்கள், இந்திய ஆங்கிலத்தில்தான் ஷிஃப்ட் வேரூன்றிவிட்டது.

வேலை நேரம் என்ற பொருள் 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சுரங்கத் தொழிலில் முதலில் காணப்படுகிறது. அதற்கு நூறாண்டு முன்பே, களைத்த குதிரைகளுக்குப் பதிலாகப் பூட்டும் புதிய குதிரைகளை இச்சொல்லால் குறித்தார்கள். அதிலிருந்து ஆள் மாறுவதற்கும், ஆள் மாறும் நேரப் பகுதிக்கும் இது வந்திருக்கலாம் என்பது ஒரு கருத்து. ஜெர்மன் மொழியில் ஷிக்ட் என்ற உறவுச் சொல் பூமியின் அடுக்கையும் குறிக்கும், தொழிலாளியின் வேலை நேரத்தையும் குறிக்கும். ஐரோப்பாவின் வடகடல் கரையோர மொழிகளில் அடுக்கையும் அடுத்தடுத்து வரும் தொழிலாளர் அணியையும் குறித்த உறவுச் சொற்களின் தாக்கம் ஆங்கிலச் சொல்லின் மேல் இருக்கக்கூடும் என்று சொல்நூலார் கருதுகிறார்கள். அது சரியென்றால், மில்தெரு சொல்லும் ஷிப்டில் இருப்பது அந்தப் பழைய பொருளின் சாயல்: நாளை மூன்றாகப் பங்கிட்டுக் கொடுப்பது.

இருமம் எழுதியது:

விசைக்கும் ஆலைக்கும் நடுவே ஒரு கட்டம் இருக்கிறது. அதைச் சொல்லாமல் விட்டால் கணினி மாணவர்களுக்குப் பாதிக் கதைதான் கிடைக்கும். 1874-இல் பிரான்சின் எமில் போதோ காப்புரிமை பெற்ற தந்திக் குறியீட்டில் ஓர் எழுத்துக்கு ஐந்து துடிப்புகள். ஒவ்வொரு துடிப்புக்கும் இரண்டே நிலைகள் என்பதால் ஐந்து துடிப்புகளால் 32 சேர்க்கைகளே கிடைக்கும். 26 எழுத்துகளுக்கும் 10 எண்களுக்கும் நிறுத்தக் குறிகளுக்கும் அது போதாது. ஆகவே இரண்டு சேர்க்கைகளைத் தனியே ஒதுக்கினார்கள். ஒன்று எழுத்து ஷிஃப்ட், மற்றொன்று எண் ஷிஃப்ட். எண் ஷிஃப்ட் வந்தால், அடுத்து வரும் துடிப்புகளையெல்லாம் எண்களாகவும் குறிகளாகவும் படிக்க வேண்டும். எழுத்து ஷிஃப்ட் வரும்வரை அந்த நிலை நீடிக்கும்.

இங்கே நகர்வது எதுவுமில்லை. மாறுவது படிக்கும் முறை. விரலை எடுத்தவுடன் பழைய நிலைக்குத் திரும்பும் தட்டச்சு ஷிஃப்டுக்கும் இதற்கும் அதுவே பெரிய வேறுபாடு. இதன் ஆபத்தும் அதிலேயே இருக்கிறது. பின்னர் உலகத் தரமான தொலை அச்சுக் குறியீட்டில் க்யூ முதல் பி வரையிலான மேல்வரிசை எழுத்துகளே எண் நிலையில் 1 முதல் 0 வரை ஆகும். வழியில் ஏற்பட்ட இரைச்சலால் எண் ஷிஃப்ட் துடிப்பு மட்டும் தொலைந்துவிட்டால், 1947 என்று அனுப்பியது மறுமுனையில் க்யூ, ஓ, ஆர், யூ என்ற நான்கு எழுத்துகளாக அச்சாகும். ஒரு துடிப்பு பிழைத்தால் ஓர் எழுத்து பிழைபடும். ஷிஃப்ட் பிழைத்தால் செய்தியே பிழைபடும்.

1963-இல் வெளிவந்து 1967-இல் சிறிய எழுத்துகளையும் சேர்த்துக்கொண்ட ஆஸ்கி என்ற கணினி எழுத்துக் குறியீட்டில் ஓர் எழுத்துக்கு ஏழு இருமங்கள், அதாவது 0 அல்லது 1 ஆகிய இலக்கங்கள், இருந்ததால் இந்த ஏற்பாடு தேவைப்படவில்லை. ஆயினும் 14, 15 ஆகிய இடங்களில் ஷிஃப்ட் அவுட், ஷிஃப்ட் இன் என்ற இரண்டு கட்டுப்பாட்டுக் குறிகள் இன்றும் அமர்ந்திருக்கின்றன. அதைவிட அழகானது எழுத்துகளின் அடுக்கு. பெரிய ஏயின் எண் 65, சின்ன ஏயின் எண் 97. 26 எழுத்துகளுக்கும் இடைவெளி 32 மட்டுமே. அதாவது ஒரே ஓர் இருமத்தின் வேறுபாடு. ஷிஃப்ட் விசை அந்த ஓர் இருமத்தைத் தொட்டால் போதும் என்று திட்டமிட்டே அடுக்கினார்கள். எண்வரிசையிலும் இப்படி ஓர் இணைப்பு உண்டு: 2-இன் எண் 50, இரட்டை மேற்கோளின் எண் 34, இடைவெளி 16. அதைப் பின்பற்றிய விசைப்பலகைகளில் ஷிஃப்டோடு 2-ஐ அழுத்தினால் இரட்டை மேற்கோள் வரும். ஜப்பானிய விசைப்பலகைகளில் இன்றும் அப்படித்தான். நாம் பயன்படுத்தும் அமெரிக்க அமைப்பு மின்தட்டச்சுப் பொறிகளைப் பின்பற்றியதால் நமக்கு அங்கே அட் குறி வருகிறது.

நிரல் எழுதுவோர் சொல்லும் இடது ஷிஃப்ட், வலது ஷிஃப்ட் என்பவை இவற்றிலிருந்து வேறானவை. அங்கே இருமங்கள் வரிசையாக ஓரிடம் தள்ளப்படுகின்றன. 101 என்ற இரும எண் 5. அதை இடப்பக்கம் ஓரிடம் தள்ளினால் 1010, அதாவது 10. நகர்தல் என்ற பொருள் இங்கே மீண்டும் முழுமையாக வந்துவிடுகிறது.

மில்தெரு எழுதியது:

இருமம் அவர்கள் விவரித்த தந்தி ஷிஃப்ட்தான் எங்கள் ஷிப்டுக்கு மிக அருகில் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. ஸ்பின்னிங் பகுதியில் ஃபிரேம் என்னும் நூற்பு இயந்திரம் ஓடிக்கொண்டே இருக்கும். அடுத்த ஷிப்டின் ஆள் வந்து நிற்கும்வரை முந்தைய ஆள் அதை விட்டு நகர முடியாது. அடுத்த சைகை வரும்வரை முந்தைய நிலை நீடிக்கும் என்று அவர் சொன்னது அதுவேதான். மாற்றுக்கு ஆள் வராத நாளில் நின்றவரே அடுத்த எட்டு மணி நேரமும் நிற்க நேர்ந்ததும் உண்டு. ஆகவே ஷிஃப்ட் என்பதில் நீடிப்பும் அடங்கியிருக்கிறது என்பதைக் கையேட்டில் விட்டுவிடாதீர்கள்.

வகுப்பறை எழுதியது:

உடை, தந்திரம் ஆகிய இரண்டு பொருள்களையும் யாரும் இன்னும் தொடவில்லை. அவை தனிச் சொற்களா?

சொல்வேர் எழுதியது:

அவையும் இதே சொல்தான். உடை மாற்றுதல் என்ற வழக்கிலிருந்து, மாற்றி உடுத்தும் உடைக்கு, சிறப்பாக உடம்பை ஒட்டி அணியும் உள்ளாடைக்கு, 16-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இப்பெயர் வந்தது. தொடக்கத்தில் ஆண்களின் உள்ளாடைக்கும் இதே பெயர். பழைய பெயர் நாகரிகக் குறைவாகத் தோன்றியபோது அதற்குப் பதிலாக இது நுழைந்தது. பின்னர் இதுவே நாகரிகக் குறைவாகிவிட்டது. 1907 ஜனவரியில் டப்ளின் நகரின் அபி அரங்கில் ஜான் மில்லிங்டன் சிங்கின் நாடகம் மேடையேறியபோது, இச்சொல் ஒலித்த இடத்தில் அவையில் கூச்சல் எழுந்து நாடகம் குலைந்தது. அந்தக் கலவரத்துக்கு அரசியல் காரணங்களும் இருந்தன. ஆயினும் ஒரு சொல் தீப்பொறியாக அமைந்தது உண்மை.

தந்திரம் என்ற பொருள், ஒழுங்குபட வைத்தல் என்ற பழைய பொருளின் வழி வந்தது. கைவசம் உள்ளதை வைத்துச் சமாளிப்பது ஷிஃப்ட். தற்காலிக ஏற்பாட்டைக் குறிக்கும் மேக்ஷிஃப்ட் என்ற சொல்லில் அது நிற்கிறது. ஷிஃப்டி என்பது முதலில் சமாளிக்கத் தெரிந்தவரைக் குறித்து, பின் நம்பத்தகாதவரைக் குறித்தது. மாணவர்களை ஏமாற்றக்கூடியது ஷிஃப்ட்லெஸ் என்ற சொல். ஷிப்டு வேலை இல்லாதவர் என்று அதற்குப் பொருள் கொண்டுவிடுவார்கள். முயற்சியற்றவர், சோம்பேறி என்பதே அதன் பொருள்.

இரவுவானம் எழுதியது:

விண்மீன் ஒளி பற்றிய பயன்பாட்டைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஒளியை நிறமாலையாகப் பிரித்தால் அதில் கருங்கோடுகள் தெரியும். அந்த ஒளியைத் தரும் வான்பொருள் நம்மைவிட்டு விலகினால் அக்கோடுகள் சிவப்புப் பக்கமாகவும், நெருங்கினால் நீலப் பக்கமாகவும் இடம்பெயர்ந்து காணப்படும். 1912-இல் அமெரிக்க வானியலாளர் வெஸ்டோ ஸ்லிஃபர் முதன்முதலில் அளந்த ஆண்ட்ரோமெடா என்ற விண்மீன் மண்டலம் நம்மை நோக்கி வருவதாகவே தெரிந்தது; மற்ற விண்மீன் மண்டலங்களுள் பெரும்பாலானவை விலகிச் செல்வது பிறகு தெரியவந்தது. தமிழில் இவற்றைச் செம்பெயர்ச்சி, நீலப்பெயர்ச்சி என்கிறோம்.

இந்தச் சொல்லாக்கம் எனக்கு மிகவும் பிடித்தமானது. குருப்பெயர்ச்சி, சனிப்பெயர்ச்சி என்று பஞ்சாங்கம் பார்க்கும் வீடுகளில் பெயர்ச்சி எல்லோருக்கும் தெரிந்த சொல். ஓரிடத்தில் நிலைகொண்டிருந்தது வேறிடத்துக்குப் போய் அங்கே நிலைகொள்வது அதன் பொருள். இயற்பியலில் இடப்பெயர்ச்சி, மொழியில் மொழிபெயர்ப்பு என்று இந்த வினை எங்கும் பரவியிருக்கிறது. நகர்வும் நீடிப்பும் சேர்ந்த ஒரே தமிழ்ச் சொல் இதுதான் என்பதால், இதை உங்கள் பரிசீலனைக்கு வைக்கிறேன்.

இலக்கணத்திண்ணை எழுதியது:

ஒரே சொல்லா, பல சொற்களா என்ற முதல் கேள்விக்கு வரலாற்றின்படி விடை கிடைத்துவிட்டது. ஆனால் மாணவருக்கு வேண்டியது வேறு: ஒரு வாக்கியத்தைப் பார்த்தவுடன் எந்தப் பொருள் என்று அறியும் வழி. அதைத் தொல்காப்பியம் கிளவியாக்கத்தில் சொல்லியிருக்கிறது. பலபொருள் ஒருசொல்லை அது இரண்டாகப் பிரிக்கிறது. உடன் வரும் வினையால் பொருள் வேறுபட்டுத் தெளிவாகத் தெரிவது ஒன்று. வினையாலும் தெளியாதது மற்றொன்று. மா என்ற சொல்லை எடுத்துக்கொண்டால், பூத்தது என்று வினை வந்ததும் அது மரம் என்று தெரிந்துவிடும். வீழ்ந்தது என்று வந்தால் மரமோ விலங்கோ என்ற ஐயம் நீங்காது.

ஷிஃப்டை அழுத்தினான், ஷிஃப்டை முடித்தான், ஷிஃப்டைத் துவைத்தாள் என்று மூன்று வாக்கியங்களை எழுதிக் கொடுங்கள். வினையே பொருளைக் காட்டிவிடுகிறது. ஷிஃப்ட் மாறியது என்று மட்டும் எழுதினால் ஆலையா, விசையா, இருமமா என்பது தெரியாது. அங்கே வேறொரு சொல் துணைக்கு வர வேண்டும். பொருள்களைப் பட்டியலிட்டு மனப்பாடம் செய்ய வைப்பதைவிட, உடன் வரும் வினையைப் பார்க்கப் பழக்குவதே நல்ல கல்வி என்று கருதுகிறேன்.

இரவுவானம் அவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பெயர்ச்சி அழகான சொல்லே. ஆனால் விசைக்கு அதை வைத்தால் பெயர் விசை, பெயர்ப்பு விசை என்றெல்லாம் வழங்கத் தொடங்கி, நேம் என்பதன் மொழிபெயர்ப்போ என்ற மயக்கம் வரும். பெயர் என்பதே பலபொருள் ஒருசொல்லாயிற்றே.

வகுப்பறை எழுதியது:

அந்த மூன்று வாக்கியங்களைப் பயிற்சியாகச் சேர்த்துக்கொள்கிறேன். விசையின் தமிழ்ப் பெயரில் இன்னும் இடர் இருக்கிறது. மாற்று விசை என்று எழுதினால், ஆல்ட் விசைக்கும் பலர் அதே பெயரைச் சொல்கிறார்கள். இரண்டும் அருகருகே இருப்பவை. படிப்பவர் எதை அழுத்துவார்?

உருளையும் நாடாவும் எழுதியது:

விசையின் மேல் என்ன பொறித்திருக்கிறதோ அதையே சொல்லுங்கள். கற்றுக்கொள்பவர் முதலில் செய்வது விசையின் மேல் எழுதியிருப்பதைத் தேடுவதுதான். ஷிஃப்ட் விசை என்று எழுதிவிட்டு, அருகில் கேரியேஜ் எழும்பும் படத்தை ஒரு முறை போட்டுவிட்டால் பெயர்க் காரணமும் விளங்கிவிடும். கூடவே கேப்ஸ் லாக் பற்றிய குறிப்பையும் சேருங்கள். பழைய பொறியில் இருந்த ஷிஃப்ட் லாக் கேரியேஜையே மேலே பூட்டிவிடும். ஆகவே எண்களும் குறிகளாகவே விழும். கணினியின் கேப்ஸ் லாக் ஆங்கில எழுத்துகளை மட்டுமே பாதிக்கும். பொறியில் பயின்றுவிட்டு வருவோர் தடுமாறும் இடம் இது.

இருமம் எழுதியது:

நானும் இதை வழிமொழிகிறேன். கையேடு தமிழ் 99 என்ற விசைப்பலகை அமைப்பைக் கற்பிக்கிறதென்றால் இன்னொரு செய்தியும் உதவும். 1999-இல் சென்னையில் நடந்த மாநாட்டின் வழியே தரமாக ஏற்கப்பட்ட அந்த அமைப்பில், உயிர் எழுத்துகள் இடக்கையிலும் மெய்கள் பெரும்பாலும் வலக்கையிலும் இருக்கின்றன. கு, து, மு ஆகியவற்றைக் கணினியே சேர்த்துக்கொள்கிறது. ஆகவே உயிர், மெய், உயிர்மெய் எழுத்துகளில் எதற்கும் ஷிஃப்ட் தேவையில்லை. ஆய்தத்துக்கும் ஸ, ஷ, ஜ, ஹ போன்ற கிரந்த எழுத்துகளுக்குமே அது வேண்டும். ஷிஃப்ட் என்ற சொல்லைத் தமிழ் 99-இல் அடிக்க ஷகரத்துக்கும் ஆய்தத்துக்கும் ஷிஃப்டை அழுத்த வேண்டும், மற்றவற்றுக்கு வேண்டியதில்லை. மாணவர்களுக்கு முதல் பயிற்சியாக இந்தச் சொல்லையே கொடுக்கலாம்.

ஒருகை எழுதியது:

இதுவரை படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். கையேட்டில் இடம்பெற வேண்டிய ஒன்றை யாரும் சொல்லாததால் எழுதுகிறேன். ஷிஃப்டை ஒரு விரலால் பிடித்துக்கொண்டு மற்றொரு விரலால் எழுத்தை அடிக்க வேண்டும் என்ற அமைப்பு, இரண்டு கைகளும் இயங்குபவரை மனத்தில் வைத்தே செய்யப்பட்டது. என் போன்றோருக்கு, விசைப்பலகையின் மறுமுனையில் உள்ள எழுத்துக்கு அது எட்டாது. விண்டோஸ் கணினியில் ஷிஃப்டைத் தொடர்ந்து ஐந்து முறை அழுத்தினால் ஸ்டிக்கி கீஸ் என்ற வசதியை இயக்கலாமா என்று கேட்கும். இயக்கிவிட்டால் ஷிஃப்டைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை. ஒரு முறை அழுத்திவிட்டு விரலை எடுத்து, பிறகு எழுத்தை அடிக்கலாம். இரண்டு முறை அழுத்தினால், மறுபடி அழுத்தும்வரை அது பூட்டியே இருக்கும். இருமம் அவர்கள் சொன்ன தந்திக் காலத்து ஷிஃப்டின் முறைதான் இது. பயிற்சி மையங்கள் பலவற்றில், தற்செயலாக அந்தக் கேள்வி திரையில் தோன்றுவது தொல்லை என்று கருதி இவ்வசதியை முற்றாக முடக்கி வைக்கிறார்கள். அப்படி முடக்க வேண்டாம் என்று ஆசிரியர்களுக்கான பக்கத்தில் ஒரு வரி எழுதுங்கள்; அதை எந்த அமைப்புப் பக்கத்தில் மீண்டும் இயக்கலாம் என்பதையும் படத்தோடு சேருங்கள்.

வகுப்பறை எழுதியது:

ஆசிரியர் பக்கத்திலும் மாணவர் பக்கத்திலும் இரண்டு இடங்களிலும் சேர்க்கிறேன், அம்மா. ஷிஃப்ட் விசை என்ற பெயரையே வைத்துக்கொண்டு, பகுதியின் முன்வரைவை வரும் வாரம் இங்கேயே இடுகிறேன். ஆலை வழக்கு பற்றிய பத்தியை மில்தெரு அவர்களும், கேரியேஜ் படத்தை உருளையும் நாடாவும் அவர்களும் பார்த்துத் திருத்தித் தர வேண்டும்.